அறுந்த இழை

அன்புள்ள மகளுக்கு,

அப்பா எழுதுவது. நீ அனுப்பிய போலந்து ஆவணப்படத்தை இரண்டு முறை பார்த்தேன். வாண்டா கோஷ்சிமின்ஸ்காவை 'அரசாங்கம் செய்து வைத்த பொம்மை' என்று எழுதியிருந்தாய். அதை ஒப்புக்கொள்ள எனக்கு மனம் வரவில்லை.

வொய்செக் விஷ்னியெவ்ஸ்கி 1975இல் எடுத்த அந்தப் படத்தில், போலந்தின் வூச் நகரத்துத் துணியாலையில் நிர்ணயித்த அளவுக்கு மேல் உற்பத்தி காட்டிப் பதக்கம் வாங்கிய வாண்டா தன் கதையைத் தானே சொல்கிறாள். சொற்கள்தாம் பெரும்பாலும் கம்யூனிஸ்ட் கட்சி மேடையிலிருந்து வந்தவை. சுற்றியிருப்பவர்களோ சுவரொட்டியில் வரைந்ததுபோல் அசையாமல் நிற்கிறார்கள். புகழ்கிறதா, குத்திக்காட்டுகிறதா என்று பிடிபடாத அந்தப் படம் 1981 வரை வெளிவராமல் கிடந்ததில் வியப்பில்லை. அதே ஆண்டில், 35 வயது நிறையுமுன்பே, எடுத்தவரும் போய்விட்டார்.

ஆனால் கண்ணு, மில்லில் சைடராக, அதாவது நூற்பு இயந்திரத்தில் அறுந்த இழையை ஒட்டுகிறவனாக, இருந்தவனுக்கு அவளுடைய பெருமை பொய்யாகத் தெரியாது. ரிங் பிரேம் என்கிற அந்த நூற்பு இயந்திரத்தில் இழை அறுந்தால், பாபின் செருகிச் சுழலும் கதிரை (ஸ்பிண்டிலை) ஒரு கையால் நிறுத்தி, பாபினில் நூல் நுனியைத் தேடி எடுத்து, நூலை வழிநடத்தும் சின்னக் கொக்கியான டிராவலரில் கோத்து, மேலே உருளையிலிருந்து இறங்கும் பஞ்சோடு சேர்த்துவிட வேண்டும். சில நொடி வேலைதான். அதற்குள் நாலு கதிர் தள்ளி இன்னொன்று அறுந்திருக்கும். அதைத் தடுமாறாமல் செய்கிற கைக்கு ஒரு கர்வம் உண்டு, யார் பதக்கம் குத்தினாலும் குத்தாவிட்டாலும்.

அந்தக் கர்வத்தின் கணக்கு பக்கத்திலிருப்பவர் தலையில் விழும் என்பதும் எனக்குத் தெரியும். எங்கள் மில்லில் ஒருவன் கூடுதலாக ஒரு சைடு, அதாவது இயந்திரத்தின் இன்னொரு பக்கத்துக் கதிர் வரிசையையும், பார்த்துக் காட்டினான். மறுமாதமே எல்லோரையும் பார்க்கச் சொன்னார்கள். வூச்சிலும், ஒருவரே பல இயந்திரங்களைப் பார்க்கும் முறையை எதிர்த்து 1947 செப்டம்பரில் வேலைநிறுத்தம் நடந்தது. தொழிலாளர் அரசு என்று சங்க வாசகசாலையில் நாங்கள் படித்த நாட்டில்!

1970 டிசம்பரில் இறைச்சி விலையை ஏற்றியபோது, வடக்கே கப்பல் கட்டும் தொழிலாளர்கள் துப்பாக்கிக்கு இரையாகியும் விலை இறங்கவில்லை. 1971 பிப்ரவரியில் வூச் துணியாலைகள் நின்றன. பிரதமரே வந்து பேசியும் அங்கிருந்த பெண்கள் மசியவில்லை. சில நாள்களில் விலையேற்றம் திரும்பப் பெறப்பட்டது.

அந்தப் பெண்களைப் பற்றி யாராவது படம் எடுத்திருந்தால் பென்டிரைவில் போட்டு அனுப்பு. போனில் நின்று நின்று வருகிறது.

அன்புடன்,
அப்பா