அய்ஹான் இஷிக்குக்கு ஒரு கடிதம்

அன்புள்ள அய்ஹான் இஷிக் அவர்களுக்கு,

துருக்கி ஜனங்கள் உங்களைத் தங்கள் சினிமாவின் 'முடிசூடா மன்னன்' என்றார்கள். எனக்கோ நீங்கள் கையில் கிரீஸ் கறையோடு நிற்கும் படங்கள்தான் பிடிக்கும்.

இஸ்மிரில் 1929இல் பிறந்து, இஸ்தான்புல் நுண்கலை அகாடமியில் ஓவியம் படித்தவர் நீங்கள். 1951இல் 'யில்டிஸ்' பத்திரிகையின் நடிகர் தேர்வுப் போட்டியில் ஜெயித்தீர்கள். அடுத்த வருஷமே இயக்குநர் லுட்ஃபி அகாத் உங்களை 'கானூன் நாமினா' படத்தில் கடைசல் பட்டறைக்காரர் நாஸிம் ஆக்கினார். பொறாமையைக் கிளறிவிட்டு ஒரு நல்ல மனுஷனைக் கொலைகாரனாக்கும் கதை. போலீஸ் துரத்த நீங்கள் ஓடுவது நிஜமான இஸ்தான்புல் தெருக்களில். நாடக மேடை வாடை அடித்துக்கொண்டிருந்த துருக்கி சினிமா அங்கேதான் வெளிக்காற்றை சுவாசித்தது.

அப்புறம் யெஷில்சாம், அதாவது துருக்கிப் பட உலகம், உங்களைச் சும்மா விடவில்லை. அதே போட்டியில் ஜெயித்த பெல்கின் டோருக்கோடு 'குச்சுக் ஹனிமெஃபென்டி' வரிசைப் படங்கள். வசூலுக்குக் குறைவில்லை. ஆனால் கோட்டும் மீசையுமாக நீங்கள் புன்னகைக்கும்போது எனக்குக் கொட்டாவிதான் வருகிறது, மன்னியுங்கள்.

'அஜி ஹயாத்' (1962) அப்படியல்ல. கப்பல் கட்டும் தளத்தில் வெல்டர் மெஹ்மெத். நகப்பூச்சு வேலை செய்யும் நெர்மினாக துர்கான் ஷொராய். கல்யாணம் பண்ண ஆசை, குடியிருக்க வீடு கிடைக்கவில்லை. இரண்டு பேரும் வாடகை வீடு தேடி அலைகிறார்கள். வாடகையைக் கேட்டதும் வாடிப்போகும் உங்கள் முகம் ஒன்றே போதும், வசனம் எதற்கு? சரி, பிற்பாதியில் லாட்டரி விழுந்து, பணக்காரனாகிப் பழிவாங்கக் கிளம்புகிறீர்கள். இயக்குநர் மெதின் எர்க்சான் மேல் எனக்குள்ள ஒரே வருத்தம் அந்த லாட்டரி.

அக்காலத்துப் படங்களை ஊமையாக எடுத்துவிட்டுக் குரலைப் பின்னால் சேர்ப்பார்கள். பல படங்களில் உங்கள் வாய்க்கு வேறொருவர் பேசினார். அதனாலோ என்னவோ, பேசாத இடங்களில் நீங்கள் இன்னும் நன்றாக நடித்தீர்கள்.

எழுபதுகளில் வீடுகளுக்கு டிவி வந்தது, தியேட்டர்களை ஆபாசப் படங்கள் பிடித்துக்கொண்டன. நீங்கள் இத்தாலிக்குப் போய் ஜெர்மன் நடிகர் கிளாஸ் கின்ஸ்கியோடு திகில் படங்களில்கூட நடித்துப் பார்த்தீர்கள். 1979 ஜூனில் மூளையில் ரத்தக்கசிவு. வயது ஐம்பதுதான்.

உங்களை அறியாத நண்பர்கள் எந்தப் படத்தில் தொடங்கலாம் என்று கேட்டால் 'ஓட்டோபுஸ் யோல்ஜுலரி'யைச் சொல்கிறேன். பஸ் டிரைவர் கெமாலாக, வீடு கட்டித் தருவதாக ஏமாற்றப்பட்ட பயணிகளுக்காக நீங்கள் மல்லுக்கு நிற்கும் படம்.

இப்படிக்கு,
உங்கள் ரசிகன்