தெம்பே கடையில் பார்த்த படம்

ஆசிரியருக்கு வணக்கம்.

இந்தோனேசியர்களை ‘இணைய வீடியோ மோகம்’ பிடித்து ஆட்டுவதாகத் தங்கள் நாளிதழில் படித்தேன். மோகம் என்ற சொல் மனதை உறுத்தியது. இந்தோனேசியாவின் ஜாவா தீவிலுள்ள ஜோக்ஜகார்த்தாவில் எட்டு ஆண்டுகளாக வசிப்பவள் என்பதால் எழுதுகிறேன்.

எங்கள் தெருமுனைச் சாப்பாட்டுக் கடை அம்மா, சோயா சாஸ் பாட்டிலில் போனைச் சாய்த்து வைத்துக்கொண்டுதான் தெம்பே (புளிக்கவைத்த சோயாக் கட்டி) பொரிப்பார். 2020 ஆகஸ்டில் அதில் ஓடியது ‘திலிக்’ என்ற குறும்படம். மருத்துவமனையில் இருக்கும் ஊர்த் தலைவியைப் பார்க்க லாரியில் நின்றுகொண்டே போகும் பெண்கள், வழிநெடுக ஊர்வம்பு. அவ்வளவுதான் கதை. 2018இல் எடுத்த படம். யூடியூபில் ஏற்றியதும் சில வாரங்களிலேயே ஒரு கோடி முறைக்கு மேல் பார்க்கப்பட்டது.

காரணம், அந்தப் பெண்கள் பேசுவது ஜாவா மொழி. ஜகார்த்தா தொலைக்காட்சித் தொடர்களில் பெரும்பாலும் கேட்பது இந்தோனேசிய மொழிதான். “இது எங்க வீட்டுப் பேச்சு” என்று அந்த அம்மா அடுப்பைக்கூட மறந்து சிரித்தது இன்னும் கண்ணில் நிற்கிறது.

இணையத்தில் வதந்தி பரவும் என்ற கவலை எனக்கும் உண்டு. அந்தப் படத்திலேயே வம்புக்குத் தீனி போடுவது போனில் பார்த்த புகைப்படங்கள்தான். அதற்காக, தம் மொழியைத் திரையில் தேடிப் போகிறவர்களை மோகம் பிடித்தவர்கள் என்று எழுதாதீர்கள். அடுத்த முறை இந்த ஊர்க்காரர் ஒருவரிடமும் கேட்டு எழுதுங்கள்.

இப்படிக்கு,
தங்கள் வாசகி,
ஜோக்ஜகார்த்தா