லுகோசியின் இடுப்பு வலி

அன்புள்ள மகனுக்கு,

அப்பா எழுதுவது. முதுகு தேவலை என்று சொன்னாய், சரி. அன்று போனில் உன் பேச்சு குழறியது தூக்கக் கலக்கம் என்றாய், அதுவும் சரி. ஆகவே அதைக் கேட்கப் போவதில்லை. ஹங்கேரி நடிகர் பெலா லுகோசியைப் பற்றி எழுதுகிறேன்.

நீ அவரை டிராகுலாவாகத்தான் அறிவாய். 1882இல் லுகோஸ் என்னும் ஊரில் பிறந்து, ஊர்ப் பெயரையே தன் பெயராக்கிக்கொண்டவர். சேகெட் நகரில் ரோமியோவாக நடித்தவர், 1913இல் புடாபெஸ்ட் தேசிய நாடக அரங்கில் சேர்ந்த பிறகு பெரும்பாலும் சிறு வேடங்களையே ஏற்றார். உன்னைப் போல் அதற்காக ஒத்திகையைத் தவிர்த்தார் என்று நான் எங்கும் படித்ததில்லை. உலகப் போரில் காயம்பட்டார். 1919இல் நடிகர்களுக்குச் சங்கம் அமைப்பதில் முன்னின்றதால், அப்போது ஹங்கேரியை ஆண்ட கம்யூனிஸ்ட் தலைவர் பெலா குன்னின் ஆட்சி கவிழ்ந்ததும் நாட்டை விட்டே வெளியேற வேண்டியதாயிற்று. அமெரிக்கா சென்று, ஆங்கிலம் கைவராத நிலையிலேயே வசனங்களை ஒலியாக மனப்பாடம் செய்து 1922இல் நியூயார்க்கில் மேடையேறினார். நீ அந்தக் கன்னட நாடகத்தில் செய்ததும் அதுதான். அம்மா இன்றும் தெருவெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

1927இல் மேடையிலும் 1931இல் திரையிலும் டிராகுலா அவரைத் தூக்கி நிறுத்தியது. பிறகு வேறு வேடம் தர எவரும் யோசிக்காதபடி செய்ததும் அதுவே. ஆனால் நான் சொல்ல வந்தது அதுவல்ல. இடுப்பிலிருந்து கால்வரை இழுக்கும் நரம்பு வலி அவருக்கு இருந்தது. அதற்கு மருத்துவர்களே எழுதிக் கொடுத்தது மார்ஃபின். வலிக்கென்று தொடங்கியது, வலி இல்லாத நாளிலும் வேண்டும் என்றாகிவிட்டது. உன் பெரியப்பாவை நீ பார்த்திருக்கிறாய், நான் விளக்க வேண்டியதில்லை.

1955 ஏப்ரலில், எழுபத்திரண்டு வயதில், தன்னை மருத்துவமனையில் சேர்க்கும்படி அவரே கேட்டுக்கொண்டார். செய்தித்தாள்கள் படத்தோடு வெளியிட்டன, அவர் ஒளியவில்லை. சில மாதங்கள் கலிஃபோர்னியாவின் நார்வாக் நகரிலுள்ள அரசு மருத்துவமனையில் இருந்து, ஆகஸ்டில் வெளியே வந்தார். மறு ஆண்டு மாரடைப்பில் இறந்தார். டிராகுலாவின் மேலங்கியோடு புதைத்தார்கள் என்பதைத்தான் எல்லோரும் சொல்கிறார்கள். ஏனோ, தானே போய்க் கேட்டார் என்பதை யாரும் அவ்வளவாகச் சொல்வதில்லை.

நீ எப்போதும் பொறுப்பானவன். அதில் எனக்குச் சந்தேகமில்லை. இருந்தாலும் மருந்துச்சீட்டைப் படம் எடுத்து அனுப்பு. எந்த டாக்டர் எழுதியது, எத்தனை நாளைக்கு என்பது தெரியும்படி எடு. சீட்டு இல்லாமல் கடையில் வாங்குவதாக இருந்தால் அதையாவது சொல். கோபித்துக்கொள்வாய், கோபத்தோடாவது பேசு. சீட்டை மறக்காதே.

அம்மாவுக்கு இந்தக் கடிதம் தெரியாது.

இப்படிக்கு,
அப்பா