வர வேண்டாம் என்றாய், வந்துவிட்டேன்

அம்மாபேட்டை, சேலம்
ஞாயிறு இரவு

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

நேற்று 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2' கணினிப் போர் ஆட்டத்தில் நாம் தோற்றதும் நீ, "இந்த ஏற்காடு மலையில் இணைய இணைப்பே சரியில்லை" என்று சொல்லிவிட்டுப் படுக்கப் போய்விட்டாய். எனக்குத் தூக்கம் பிடிக்கவில்லை. ஆட்டத்தின் பதிவை மறுபடி ஓட்டிப் பார்த்தேன். என் யானைகள் வடக்குக் கணவாய்க்குள் நுழைந்த இடத்தில் நிறுத்தி, அப்போது நீ சொன்னதை நினைவுக்குக் கொண்டுவந்தேன். என் காதில் விழுந்தது "வடக்கே வர வே..." வரைதான். "வர வேண்டும்" என்று எடுத்துக்கொண்டு மொத்தப் படையையும் இழுத்துவந்தேன். நீ சொன்னது "வர வேண்டாம்" என்பது எல்லாம் முடிந்த பிறகுதான் தெரிந்தது.

தமிழில் பேசி விளையாடுகிறவர்களுக்கு இது சின்ன விஷயம் இல்லை. நம் மொழியில் வினையும் கடைசியில், மறுப்பும் கடைசியில். போகாதே, அடிக்காதே, ஆள் இல்லை, வர வேண்டாம் என்று எதை எடுத்தாலும் உயிர் வாலில்தான் இருக்கிறது. ஆங்கிலத்தில் கத்தும் பையன்களுக்கு மறுப்பு முன்னாலேயே வந்துவிடும். பின்பாதி அறுந்தாலும் தப்பித்துக்கொள்வார்கள். நமக்கு ஓர் அசை போனால் கட்டளை தலைகீழாகிவிடுகிறது.

இணைப்பின் மேல் பழியைப் போடாதே. நாம் பேசிக்கொள்ளும் டிஸ்கார்டு செயலியில் ஒரு குரல் அறைக்கு வழக்கமாக நொடிக்கு 64 கிலோபிட் போதும். நீ இரவில் கைபேசியில் படம் பார்க்கிறாயே, அதற்குத் தேவைப்படுவதில் இது மிகச் சிறிய பங்கு. குரலைச் சுருக்கி அனுப்ப ஓபஸ் என்ற முறையைப் பயன்படுத்துகிறார்கள். 2012-இல் பொதுத் தரமாக வந்தது. பேச்சை வழக்கமாக 20 மில்லி நொடித் துண்டுகளாக அனுப்பும். ஒரு துண்டு வழியில் தொலைந்தால் அந்த இடத்தை ஓரளவு இட்டு நிரப்பவும் அதற்குத் தெரியும். இணைப்பு மோசமானால் குரல் சொல்லின் நடுவில் உடையும், தகரத்தில் தட்டியதுபோல் ஒலிக்கும். உன் பேச்சில் நடுப்பகுதி எனக்கு நன்றாகவே கேட்கிறது. முதல் எழுத்தும் கடைசி அசையும்தான் ஒவ்வொரு முறையும் காணாமல் போகின்றன. அது வாசல் கதவின் வேலை.

நீ 'குரல் கேட்டால் திறக்கும்' முறையில் வைத்திருக்கிறாய். குரல் ஒரு குறிப்பிட்ட அளவுக்கு மேலே எழுந்தால் மைக் திறக்கும், கீழே இறங்கினால் மூடிக்கொள்ளும். தகரக் கூரையில் மழை விழும் ஓசை எங்களுக்குக் கேட்கக் கூடாது என்று அந்த அளவை நீ மேலே ஏற்றிவைத்திருக்கிறாய். எண்ணம் நல்லதுதான். ஆனால் வாக்கியத்தை முடிக்கும்போது குரலை இறக்குவது நம் எல்லோருக்கும் இயல்பு. உனக்குக் கொஞ்சம் அதிகம். பள்ளியில் வாத்தியார் கேள்வி கேட்டால் பதிலின் கடைசிச் சொல்லை நீ தொண்டைக்குள்ளேயே வைத்துக்கொள்வாய். அந்தப் பழக்கம் போகவில்லை. குரல் இறங்கும் அந்த நொடியில் கதவு சாத்திக்கொள்கிறது.

மழையை வெளியே தள்ள வேறு வழி இருக்கிறது. மைக்கை வாய்க்கு அருகே கொண்டுவா. மைக்குக்கும் வாய்க்கும் உள்ள தூரத்தைப் பாதியாக்கினால் உன் குரல் அதில் சுமார் 6 டெசிபல் கூடும். மழை கூரை முழுவதிலிருந்தும் வருவதால் அது ஏறக்குறைய அப்படியே இருக்கும். பிறகு மைக்கின் ஒலி அளவைக் குறைத்தால் மழை தானாகப் பின்னுக்குப் போய்விடும். இரண்டு விரல் அகலம் போதும். நேர் எதிரே வைக்காமல் உதட்டோரத்தில் வை. இல்லாவிட்டால் 'பப்பாளி' என்று சொல்லும்போது மூச்சுக் காற்று மோதி 'டப்' என்று வெடிக்கும். அளவைப் பார்க்கும்போது, நீ மிக உரக்கக் கத்துகிற நேரத்திலும் அதைக் காட்டும் கோடு உச்சியைத் தொடக் கூடாது. தொட்டால் குரல் கிழிந்து கேட்கும், அதைப் பிறகு யாராலும் தைக்க முடியாது.

உன் மகள் வாங்கித் தந்த புளூடூத் காதுக்கருவியை ஆட்டத்துக்குப் பயன்படுத்தாதே. அவள் மனம் நோகாமல் சொல். பாட்டு மட்டும் கேட்கும்போது அது ஒரு முறையில் இயங்குகிறது. அதிலுள்ள மைக்கைத் திறந்ததும் தொலைபேசிப் பேச்சுக்கான வேறு முறைக்கு மாறிவிடுகிறது. அப்போது இடது வலது எல்லாம் ஒன்றாகி, குரலும் ஆட்டத்தின் ஓசையும் மட்டமாகிவிடும். குதிரைகள் எந்தப் பக்கம் வருகின்றன என்று நீ கேட்டுக்கொண்டே இருந்தது அதனால்தான். கம்பி ஹெட்செட் ஒன்று என்னிடம் கூடுதலாக இருக்கிறது, தருகிறேன். அதன் முனையில் மூன்று கறுப்பு வளையம் இருக்கும். ஒலியும் மைக்கும் ஒரே முனையில். உன் மேசைக் கணினியிலோ பச்சைத் துளை தனி, இளஞ்சிவப்புத் துளை தனி. நேரே செருகினால் காதில் கேட்கும், பேச்சு போகாது. ஐந்து ரோடு பக்கம் ஒரு கடையில் இரண்டாகப் பிரிக்கும் சின்னக் கம்பி வாங்கி வைத்திருக்கிறேன்.

யாராவது பேசினால் ஆட்டத்தின் ஓசை அமுங்கிப் போகிறது என்றாயே, அதுவும் ஒரு அமைப்புதான். பேச்சு நடக்கிறது என்று தெரிந்தால் மற்ற ஒலிகளை 80 சதவீதம் குறைக்கும்படி விண்டோஸில் ஒரு ஏற்பாடு உண்டு. 'எதுவும் செய்யாதே' என்று மாற்றிவிடலாம். மைக்கைப் பயன்படுத்த நிரல்களுக்கு அனுமதி தந்திருக்கிறாயா என்பதையும் தனியுரிமைப் பகுதியில் பார்த்துக்கொள்.

ஆட்டத்தின்போது, பொத்தானை அழுத்தினால் மட்டும் மைக் திறக்கும் 'அழுத்திப் பேசு' முறைக்கு மாறிவிடு என்பதே என் முடிவான கருத்து. சுட்டியின் பக்கவாட்டுப் பொத்தானை அதற்கு ஒதுக்கு. விசைப்பலகையில் உன் இடது கைக்கு ஏற்கெனவே ஆயிரம் வேலை. பொத்தானை விட்ட பிறகும் மைக் சற்று நேரம் திறந்தே இருக்கும்படி தாமதம் வைக்க முடியும். கால் நொடி வை. 'வேண்டாம்' முழுதாக வந்து சேரும்.

என் பக்கத்திலும் தொல்லை இல்லாமல் இல்லை. பக்கத்து வீட்டு விசைத்தறி இரவு பத்து வரை ஓடுகிறது. இரைச்சல் நீக்கியைப் போட்டுப் பார்த்தேன். தறியோடு சேர்த்து என் குரலிலும் ஒரு பகுதியைத் தின்றுவிட்டது. மைக்கை வாயருகே இழுத்து, தறிக்கு முதுகு காட்டி உட்கார்ந்த பிறகு நீங்கள் யாரும் தறியைப் பற்றிக் கேட்கவில்லை. ஒரே ஒரு நாள் எதிரொலி வந்தது, நினைவிருக்கிறதா? அம்மா உன் குரலைக் கேட்க வேண்டும் என்றார்கள். ஹெட்செட்டைக் கழற்றி ஒலிபெருக்கியில் போட்டேன். உன் பேச்சு அதிலிருந்து என் மைக்குக்குள் புகுந்து உனக்கே திரும்பி வந்தது. "அவன் சாப்பிட்டானா?" என்று அம்மா கேட்டது மட்டும் உன்னிடம் வந்து சேரவில்லை. அதை இப்போது எழுதிவிட்டேன்.

1999-இல் வந்த ஆட்டம் இது. நான்கு ரோட்டுக் கணினி மையத்தில் மணிக் கணக்கில் காசு கொடுத்து, ஒட்டிய நாற்காலிகளில் உட்கார்ந்து விளையாடினோம். மைக்கே தேவைப்படவில்லை, உன் முழங்கை என் விலாவில் இடித்தால் 'வராதே' என்று பொருள். 2022-இல் திராவிடர் படை வந்ததிலிருந்து, ஆட்டத்துக்குள் விறகு வெட்டுகிறவன்கூட நமக்குத் தமிழில் பதில் சொல்கிறான். அவன் சொல்லும் கடைசி எழுத்து வரை தெளிவாகக் கேட்கிறது. முப்பது ஆண்டு பழகிய உன் பேச்சு பாதியில் அறுவதை என்னால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

அடுத்த ஞாயிறு காலை பஸ்ஸில் ஏறுகிறேன். ஏற்காடு சாலையில் மாடர்ன் தியேட்டர்ஸ் படப்பிடிப்பு நிலையத்தின் பழைய நுழைவாயில் வளைவைப் பார்க்கும்போதெல்லாம் அந்தக் காலத்துப் படங்களின் வசனம் எனக்கு நினைவு வரும். எவ்வளவு வேகமாகப் பேசினாலும் ஈற்றசை தேயாது. இருபது கொண்டை ஊசி வளைவையும் கடந்து பத்து மணிக்குள் உன் எஸ்டேட்டில் இருப்பேன். தட்டுவடை கொண்டுவருகிறேன்; காரட்டும் பீட்ரூட்டும் நீ துருவி வை, சட்னியை அங்கேயே அரைத்துக்கொள்ளலாம். காப்பிப் பழம் சிவக்கத் தொடங்கிவிட்டதா?

அன்று மழை பெய்தால் நல்லது. அந்தத் தகரக் கூரையின் கீழேயே 'வர வேண்டாம்' என்று நூறு முறை சொல்லிப் பதிவு செய்து பார்த்துவிடலாம்.

உன்
பக்கத்து நாற்காலிக்காரன்