வாசகர் வட்டம்: 2024–25 ஆண்டறிக்கை

தலைவர் அவர்களுக்கும் செயற்குழுவினருக்கும் உறுப்பினர்கள் எல்லோருக்கும் வணக்கம்.

பொங்கல் விழா வழக்கம்போல் பள்ளி அரங்கில் சிறப்பாக நடந்தது. சிறுவர் கதைநேரம் கோடை விடுமுறை தவிர மாதந்தோறும் நடந்தது. பூங்காச் சந்திப்பு மழையால் தள்ளிப்போய், அப்புறம் நடக்கவில்லை.

இனி, அமெரிக்கக் கலைஞர்களின் கடிதங்களையும் படங்களையும் பற்றிப் பேசும் 'கடிதமும் படமும்' கூட்டத் தொடர். இந்த ஆண்டு வட்டம் செய்த முக்கியமான வேலை இதுதான் என்பது என் கருத்து. பொதுக்குழுவில் மூத்த உறுப்பினர் ஒருவர், “தமிழ் வாசகர் வட்டத்துக்கு அமெரிக்க ஓவியர்களின் வீட்டுக் காகிதம் எதற்கு?” என்று கேட்டார். அன்று நேரம் இல்லை. பதிலை இங்கே எழுதுகிறேன்.

நாம் குடியிருப்பது வாஷிங்டனுக்குப் பக்கத்தில். அமெரிக்கக் கலை ஆவணக் காப்பகம் நம் ஊரிலிருந்து மெட்ரோவில் போய்வரும் தூரம். 1954இல் டெட்ராய்டில் தொடங்கி, 1970இல் ஸ்மித்சோனியன் அருங்காட்சியக அமைப்போடு சேர்ந்த நிறுவனம். கடிதம், நாட்குறிப்பு, ரசீது, குடும்பப் புகைப்படம் என்று 2 கோடிக்கும் மேற்பட்டவை அங்கே இருக்கின்றன. ஏராளமானவற்றை வீட்டிலிருந்தே காசில்லாமல் பார்க்கலாம். இவ்வளவு அருகில் இருந்துகொண்டு அதை எட்டிப் பார்க்காமல் இருப்பது வாசகர்கள் என்று சொல்லிக்கொள்ளும் நமக்கு அழகல்ல.

முதல் கூட்டத்தில் ஈரோ சாரினனை எடுத்துக்கொண்டோம். நம்மில் பலர் ஊரிலிருந்து வந்து முதலில் இறங்கிய வாஷிங்டன் டல்லஸ் விமான நிலையத்தை வடிவமைத்தவர் அவர்தான். 1962இல் அது திறக்கப்பட்டபோது அவர் உயிரோடு இல்லை. 1954இல் அவர் மணந்த ஆலைன் கலை விமர்சகர். ஆலைனிடம் தனக்குப் பிடித்தவற்றை அவர் வரிசையாக எண் போட்டு எழுதிய பட்டியல் காப்பகத்தில் இருக்கிறது. அறிவு, அழகு, எதையும் ஒழுங்காகச் செய்யும் திறமை என்று போய், தோண்டத் தோண்ட உறுதியான கருங்கல்லே தட்டுப்படுகிறது, அதன்மேல் நாம் வாழ்க்கையைக் கட்டலாம் என்று முடிகிறது. கட்டடக்காரர் காதலைச் சொன்ன விதத்தைக் கேட்டு வந்திருந்தவர்கள் நெகிழ்ந்துபோனார்கள்.

ஓவியர் எட்வர்ட் ஹாப்பர் பற்றிய கூட்டம்தான் எனக்கு மனநிறைவு தந்தது. அவருடைய கணக்கேடுகள் நியூயார்க்கில் விட்னி அருங்காட்சியகத்தில் உள்ளன. ஓவியத்தின் சிறு வரைபடத்தை ஹாப்பர் போட்டிருப்பார். அதன் கீழே நிறம், ஆட்கள், விலை, வாங்கியவர் என்று எல்லாவற்றையும் எழுதியவர் அவர் மனைவி ஜோ. நள்ளிரவு உணவகத்தில் நான்கு பேர் இருக்கும் 1942ஆம் ஆண்டு ஓவியத்தைப் பார்த்திருப்பீர்கள். சிகாகோ கலைக்கழகம் 3,000 டாலருக்கு வாங்கியது. அதில் உள்ள பெண்ணுக்குப் போஸ் கொடுத்தவரும் ஜோதான், அதை ஏட்டில் பதிந்தவரும் ஜோதான். ஜோவும் ஓவியர். 1923இல் புரூக்ளின் அருங்காட்சியகம் ஜோவை நீர்வண்ண ஓவியங்களுக்காக அழைத்தபோது, ஹாப்பருடையதையும் பாருங்கள் என்று சொல்லிச் சேர்க்கவைத்தார். ஹாப்பரின் படம் ஒன்றை அவர்கள் 100 டாலருக்கு வாங்கினார்கள். அவர் பெயர் வளர்ந்தது அதற்குப் பிறகுதான். ஜோ தன் படங்களையும் சேர்த்தே விட்னி அருங்காட்சியகத்துக்கு எழுதிவைத்துவிட்டு 1968இல் இறந்தார். அவருடைய படங்களில் பல பின்னால் கைமாறித் தொலைந்தன.

சுவரில் தொங்கும் படம் இதையெல்லாம் சொல்லாது. காகிதம் சொல்கிறது. 1950இல் ஹான்ஸ் நமுத் எடுத்த புகைப்படங்களில் ஓவியர் ஜாக்சன் பொல்லாக் தரையில் விரித்த துணிமேல் வண்ணத்தைச் சொட்டவிடுகிறார். சில படங்களில் பின்னால் ஒரு ஸ்டூலில் அமர்ந்திருப்பவர் பொல்லாக்கின் மனைவி லீ கிராஸ்னர், அவரும் ஓவியர். பொல்லாக்கை மட்டும் பார்த்துப் பழகிய கண்ணுக்கு அந்த ஸ்டூல் தெரியவே தெரியாது. படத்தைப் பெரிதாக அச்சிட்டு வைத்தபோதுதான் எல்லோரும் கவனித்தார்கள். அச்சுச் செலவு எதற்கு என்று கேட்டவர்களுக்கு இதுவே என் விளக்கம்.

வருத்தத்தையும் சொல்லிவிடுகிறேன். வாட்ஸ்அப்பில் வருகிறேன் என்று கட்டைவிரல் காட்டியவர்களில் பாதிப் பேர்கூட வரவில்லை. நூலகக் கூடத்தை மாதங்களுக்கு முன்பே பதிவு செய்து, சுண்டலும் காபியும் ஏற்பாடு செய்துவிட்டு, காலி நாற்காலிகளுக்கு முன்னால் ஒருவரைப் பேசச் சொல்வது நியாயம் இல்லை. தலைப்பு பிடிக்கவில்லை என்றால் முன்கூட்டியே சொல்லுங்கள். தலைப்பைக் கேட்டு நான் அனுப்பிய கடிதத்துக்கு மூன்று பேர்தான் பதில் எழுதினார்கள்.

கணக்கைப் பொருளாளர் தனியே வைப்பார். வரவும் செலவும் ஏறக்குறைய சமம். சென்ற ஆண்டுக் கையிருப்பிலிருந்து கொஞ்சம் எடுக்க நேர்ந்தது. சந்தா முழுதும் வந்திருந்தால் எடுத்திருக்க வேண்டியதில்லை. இரண்டு ஆண்டுகளாகச் சந்தா கட்டாதவர்களும் பொங்கல் சாப்பாட்டுக்குக் குடும்பத்தோடு வந்தார்கள், அன்போடுதான் பரிமாறினோம். பெயர்களை இங்கே எழுதவில்லை.

கூடம் தந்த நூலகத்தாருக்கும், சமையல் பொறுப்பேற்ற சகோதரிகளுக்கும், தணிக்கை செய்த அன்பருக்கும், ஊக்கம் தந்த தலைவருக்கும் நன்றி.

அடுத்த ஆண்டு ஆல்மா தாமஸிலிருந்து தொடங்க விரும்புகிறேன். அவர் நம் வாஷிங்டன்காரர். ஹோவர்ட் பல்கலைக்கழகத்தின் நுண்கலைத் துறையில் 1924இல் பட்டம் பெற்ற முதல் மாணவி. 35 ஆண்டுகள் பள்ளியில் ஓவியம் கற்பித்து ஓய்வுபெற்ற பிறகே முழுநேரமும் வரைந்தார். 1972இல், 80 வயதில், விட்னியில் தனிக்கண்காட்சி வைத்தார். அங்கே அந்த வாய்ப்பைப் பெற்ற முதல் கறுப்பினப் பெண் அவர். அவருடைய காகிதங்களும் புகைப்படங்களும் இங்கேயே காப்பகத்தில் உள்ளன. ஓய்வுபெற்ற ஆசிரியைகள் நம் வட்டத்திலேயே பலர் இருக்கிறீர்கள். உங்களில் ஒருவர் இந்தக் கூட்டத்தை எடுத்து நடத்தினால் நான் பேசுவதைவிட நன்றாக இருக்கும்.

நம் வட்டத்தின் ஆரம்பகால அழைப்பிதழ்களும் புகைப்படங்களும் மூத்த உறுப்பினர்கள் வீட்டு அடித்தள அறைகளில் இருப்பதாக அறிகிறேன். வீடு மாற்றும்போது குப்பையில் போடாமல் ஒரு தொலைபேசி அழைப்பு தாருங்கள், நானே வந்து எடுத்துக்கொள்கிறேன். செயலாளர் பொறுப்பில் தொடரச் சொன்னால் தொடர்வேன். ஆனால் கூடம், அழைப்பு, வருகைப்பதிவு ஆகியவற்றைப் பார்த்துக்கொள்ள இரண்டு பேராவது வேண்டும். விருப்பமுள்ளவர்கள் அடுத்த செயற்குழுவுக்கு முன் சொல்லுங்கள். சந்தாவையும் அன்றே பொருளாளரிடம் கொடுத்துவிடலாம்.

இப்படிக்கு,
செயலாளர்