கையடக்க டிஜிட்டல் ரேடியோவில் பின்னணிப் படம்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்,

உங்க தொழில்நுட்பப் பக்கத்துல போன் வால்பேப்பர் பத்தியே எழுதுறீங்க, டிஎம்ஆர்ங்கற டிஜிட்டல் முறையில பேசுற கையடக்க ரேடியோ வச்சிருக்குற எங்களைப் போன்ற அமெச்சூர் ரேடியோக்காரங்களுக்கும் கொஞ்சம் இடம் கொடுங்க. எனிடோன் 878 மாதிரி செட்ல ஆன் பண்ணும்போது வர்ற படம், ஸ்டாண்ட்பை பின்னணி ரெண்டையுமே நம்ம இஷ்டத்துக்கு மாத்திக்கலாம். ஸ்கிரீன் வெறும் 160 x 128 பிக்சல்தான், அதாவது 5:4 விகிதம், போன்ல எடுத்த போட்டோ பெரும்பாலும் 4:3, அதை அப்படியே சுருக்குனா முகம் எல்லாம் கொஞ்சம் உருமாறித் தெரியும், அதனால முதல்ல 5:4க்கு கிராப் பண்ணிட்டு அப்புறம் சைஸ் குறைக்கணும்.

நான் முதல்ல பளிச்சுனு ஒரு பூ படம் போட்டேன், வெயில்ல சேனல் பேரே தெரியல! படிக்க முடியாத ரேடியோ எதுக்கு? இப்போ கரும்பச்சைப் பின்னணிதான், எழுத்து விழுற இடத்துல எதுவுமே இல்லாம பாத்துக்கிட்டேன், சேனலும் கால்சைனும் (ரேடியோக்காரரோட அழைப்புக் குறி) சட்டுனு கண்ணுக்குத் தெரியுது.

கம்ப்யூட்டர்ல இருந்து படம் ஏத்துறதுக்கு முன்னாடி செட்ல இருக்குற கோட்பிளக்கை, அதாவது சேனல், செட்டிங் எல்லாம் அடங்கின பைலை, கம்ப்யூட்டர்ல படிச்சு சேவ் பண்ணிக்கோங்க, பேட்டரி புல்லா இருக்கட்டும், பாதியில கேபிளைப் பிடுங்காதீங்க. இந்த பிக்சல் அளவைக்கூட கையேட்டுல தெளிவா போடாத கம்பெனிகள் மேல எனக்கு நிஜமாவே வருத்தம். ஒரு வரி அச்சடிச்சா போதுமே.

இப்படிக்கு,
ஒரு அமெச்சூர் ரேடியோ வாசகர்