கறுப்பின வரலாறுன்னா அமெரிக்கா மட்டும் தானா?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம். உங்க ஞாயிறு இணைப்புல கறுப்பின மக்கள் வரலாறு பத்தி வந்த கட்டுரைய படிச்சேன், நல்லா தான் இருந்துச்சு, ஆனா லிங்கன், மார்ட்டின் லூதர் கிங், ஒபாமான்னு அமெரிக்காவோடவே நின்னுடுச்சு. ஹார்வர்டு பேராசிரியர் ஹென்றி லூயிஸ் கேட்ஸ் எடுத்த ஆவணப் படங்கள பத்தி ஒரு பத்தியாவது வந்திருக்கணும்.

புத்தகமா எழுதி குவிச்சவர் தான் அவரு, ஆனாலும் 2011ல அமெரிக்க பொதுத் தொலைக்காட்சிக்காக ஹைத்தி, டொமினிக்கன் குடியரசு, கியூபா, பிரேசில், மெக்சிகோ, பெருன்னு ஆறு நாடு சுத்தி நாலு பகுதியா ஒரு தொடர் எடுத்தாரு. ஏன் அங்கல்லாம் போகணும்? அட்லாண்டிக் கடல்ல அடிமைக் கப்பல்ல ஏத்தப்பட்டவங்க சுமார் 1.25 கோடி பேர், உயிரோட கரை சேர்ந்தது 1.07 கோடி, அதுல அமெரிக்காவுக்கு நேரா வந்தது 4 லட்சத்துக்கும் கம்மி, பிரேசிலுக்கு மட்டும் கிட்டத்தட்ட 48 லட்சம். அங்க அடிமை முறை ஒழிஞ்சதே 1888ல தான். மெக்சிகோவ பாருங்க, 1829ல அடிமை முறைய ஒழிச்ச அதிபர் விசென்டே குரேரோவே ஆப்பிரிக்க ரத்தம் கலந்தவரு, ஆனா அந்த மக்களை தனியா கேட்டு கணக்கெடுத்த சென்சஸ் 2020ல தான் வந்துச்சு, 25 லட்சம் பேர் ஆமா நாங்க தான்னு சொன்னாங்க.

வம்சாவளி தேடுற இன்னொரு நிகழ்ச்சியும் பண்றாரு. 1870 சென்சஸுக்கு முன்னாடி அமெரிக்காவுல அடிமைகளுக்கு சென்சஸ் பதிவேட்டுல பெரும்பாலும் பேரே கிடையாது, முதலாளி பேருக்கு கீழ வயசு, ஆணா பெண்ணா, நிறம், அவ்வளவு தான். தன் கொள்ளுத் தாத்தாவ அப்படி ஒரு வரியில பார்க்கிறவங்க முகத்த படம் தான் காட்ட முடியும், எந்த ஆய்வுக் கட்டுரையும் காட்டாது. இதே நிகழ்ச்சியில ஒரு நடிகர் கேட்டாருன்னு அவரோட அடிமை வச்சிருந்த முன்னோர் விஷயத்த விட்டுட்டாங்க, 2015ல அது வெளிய வந்து கேட்ஸ் மன்னிப்பு கேட்டாரு. அது பெரிய தப்பு தான், ஆவணத்த மறைக்கக் கூடாதுன்னு மத்தவங்களுக்கு சொல்ல வேண்டியவரே அப்படி பண்ணிருக்கக் கூடாது.

நமக்கென்னன்னு விட்டுட முடியாதுங்க. மொரீஷியஸ்லயும் கரீபியன் தீவான குவாடலூப்லயும் அடிமை முறை ஒழிஞ்சதும் கரும்புக் காட்டுக்கு கூலியா கப்பல் ஏறினவங்கள்ல தமிழங்க நிறைய. ஆப்பிரிக்காவுலேருந்து இந்தப் பக்கம் கொண்டு வரப்பட்டவங்களோட பிள்ளைகள் கர்நாடகாவுல எல்லாப்பூர் பக்கம் சித்தின்னு இருக்காங்க, இலங்கையில புத்தளம் சிரம்பியடியில இருக்காங்க, போர்த்துகீசியம் கலந்த பழைய பாட்ட இன்னும் பாடுறாங்க. உங்க நிருபர் ஒருத்தர கேமராவோட அங்க அனுப்புங்க, அந்த மொழி தெரிஞ்ச பெரியவங்க கொஞ்சம் பேர் தான் இருக்காங்க, அதனால சீக்கிரமா அனுப்புங்க.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற வரலாற்று ஆசிரியர், திண்டுக்கல்